தக்கைக் காக்காவின் தாய்லாந்துக் கலியாணம்

கல்முனைக் கடல் இதுவரை கண்ட நீச்சல்காரர்களில் முதலாம் ஆள் தக்கைக் காக்கா. இரண்டாம் ஆள், மூன்றாம் ஆள் என்று எவரும் கிடையாது. அவருக்குப் பிறகு மீன்கள்தான். அப்படிப்பட்ட மனிதர் தாய்லாந்துத் தொலைக்காட்சியில் தண்ணீரில் மூழ்கிச் சாவதைத் தொழிலாகக் கொண்டு பல வருஷம் சம்பளம் வாங்கினார் என்று சொன்னால் நீங்கள் நம்பமாட்டீர்கள். நாங்கள் நம்பினோம். அளவுக்கு மேல் நம்பினோம். வினையே அதில்தான் வந்தது.

வலையை மிதக்கவைக்கிற தக்கையைப் பார்த்து ஊர் வைத்த பெயர் அது. வாப்பா உம்மா வைத்த பெயர் பள்ளிக்கூடத்துப் பெயர்ப்பதிவு இடாப்போடு முடிந்துபோனது. எனக்கு நாலைந்து வயது மூத்தவர் என்பதால் அண்ணன் முறையில் காக்கா, எங்கள் கல்முனைக்குடியில் அடுத்த வளவுக்காரர். கடலில் தலையை நிமிர்த்தி வைத்துக்கொண்டுதான் நீந்துவார். கேட்டால், "தலையக் கீழ போட்டா ஆரு வாறான் ஆரு போறான் எண்டு எப்பிடிடா தெரியும்?" என்பார்.

ஒருமுறை நிந்தவூரில் கலியாணச் சாப்பாடு. பஸ்ஸை விட்டுவிட்டோம். நாங்கள் அடுத்த பஸ்ஸுக்குக் காத்து நிற்க, காக்கா சாரனையும் சேட்டையும் பொட்டலமாக்கித் தலையில் கட்டிக்கொண்டு கடலில் இறங்கிவிட்டார். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அவர் காய்ந்த உடுப்போடு உட்கார்ந்து இரண்டாம் தரம் சோறு கேட்டுக்கொண்டிருந்தார்.

ஆனால் தூறல் மழை என்றால் அவருக்குக் குலைநடுக்கம். கடற்கரைக்குக் குடை பிடித்துக்கொண்டு வருவார். குடையை மணலில் குத்திவைத்துவிட்டுத்தான் கடலில் பாய்வார். "கடல்தண்ணி ஒண்டும் செய்யாது. மேலால வாற தண்ணிதான் தடிமன் காய்ச்சல் தாறது" என்பது அவருடைய விஞ்ஞானம்.

எழுபதுகளின் கடைசியில் ஒரு பி.டி. மாஸ்டர் அவரைக் கொழும்புக்குப் போட்டிக்குக் கூட்டிக்கொண்டு போனார். கட்டிய தடாகம் என்ற ஒன்றைக் காக்கா முதன்முதல் கண்டது அன்றைக்குத்தான். விசில் ஊதியதும் பாய்ந்தார். எல்லாருக்கும் முன்னால் மறுகரைச் சுவரைத் தொட்டு, மேலே ஏறி, அங்கே நின்ற அதிகாரிக்குக் கைலாகு கொடுத்தார்.

"திரும்பிப் போகணும்!" என்று அலறினார் மாஸ்டர்.

"ஏன் சேர், என்னத்தையும் விட்டுட்டா வந்தன்?"

மாஸ்டர் தலையில் அடித்துக்கொண்டதைக் கண்டு மறுபடி குதித்தார். அப்போதும் அவர்தான் முதலாவது. நடுவில் ஏறியதற்காக ஒருவர் சட்டம் கதைத்தாராம். ஆனால் சட்டம் கதைத்து முடிகிறவரைக்கும் மற்றவர்கள் வந்து சேரவில்லை என்று மாஸ்டர் ஊரில் வந்து சொன்னார். மாஸ்டரும் எங்கள் ஊர்க்காரர் என்பதால் இதைக் கொஞ்சம் கழித்துக் கேட்டுக்கொள்ளுங்கள்.

அந்த வெற்றியில் எல்லாரையும்விட மகிழ்ந்தவர் அவருடைய மாமா, உம்மாவின் கூடப்பிறந்தவர், சீமெந்து ஹாஜியார். பஸாரில் சீமெந்துக் கடை வைத்திருந்ததால் அந்தப் பெயர். ஒருதரம் இறுகிவிட்டால் பிறகு அசைக்க முடியாத மனிதர் என்பதாலும்தான். அவருடைய மகள் ஹபீபாவைக் காக்காவுக்கென்று சின்ன வயதிலேயே பேசிவைத்திருந்தார்கள். பிள்ளைக்கும் விருப்பம். காக்காவைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். வேலியடியில் அவள் நிற்பதைக் கண்டு ஒருநாள் சைக்கிளோடு தெருவோரக் கானுக்குள் இறங்கினார். கடலில் தாழாத ஆள் முழங்கால் ஆழச் சேற்றில் எழும்பமாட்டாமல் கிடந்தார்.

எங்கள் பக்கத்தில் பெண்ணுக்கு வீடு கட்டிக்கொடுத்துத்தான் மாப்பிள்ளை எடுப்பது. ஹாஜியார் அத்திவாரம் வெட்டினார். "பேங்கொக்கில ஒரு போட்டி இரிக்காம். வெண்டுட்டு வா மருமகன். வந்த கையோட கலியாணக் காவின் எழுதுவம்" என்றார். காக்கா குடையோடு விமானம் ஏறினார்.

பேங்கொக்கில் காக்கா கடைசி. தடாகத்துத் தண்ணீரில் போட்டிருந்த மருந்து கண்ணை எரித்துவிட்டதாம். தோற்ற முகத்தோடு மாமாவின் முன்னால் போய் நிற்பதெப்படி? கூட வந்தவர்கள் திரும்ப, இவர் மாணிக்கக்கல் வியாபாரத்துக்கு வந்திருந்த பேருவளைக்காரரோடு தங்கிவிட்டார். ஏதாவது ஒரு தொழிலோடுதான் ஊர் திரும்புவது என்று முடிவு.

தொழில் ஆற்றில் வந்தது. ஒருநாள் ஆற்றங்கரையில் நின்றபோது ஒரு வாலிபன் தண்ணீரில் தத்தளித்துக் கத்துகிறான். கரையில் ஒரு கூட்டம் சும்மா பார்த்துக்கொண்டிருக்கிறது. காக்காவுக்கு இரத்தம் கொதித்துவிட்டது. பாய்ந்தார். வாலிபனின் தலைமயிரைப் பிடித்து இழுத்துவந்து கரையில் போட்டு, வயிற்றில் ஏறி இருந்து அமுக்கினார். வாலிபன் ஒரு தொலைக்காட்சி நாடகத்தின் கதாநாயகன். கூட்டம் படப்பிடிப்புக்காரர். தத்தளிப்பு நடிப்பு. டைரக்டர் முதலில் அடிக்க வந்தார். பிறகு காக்கா நீந்திய அழகை யோசித்துப் பார்த்து, கதாநாயகனுக்குப் பதிலாகத் தண்ணீரில் விழுகிற வேலையை அவருக்கே கொடுத்தார். அதிலிருந்து சின்னச் சின்ன வேடங்கள் வந்தன. கடத்தல்காரன், கப்பல்காரன், கள்ளன். எந்த வேடமானாலும் முடிவில் தண்ணீரில் மூழ்கிச் சாகவேண்டும்.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஹாஜியார் வீட்டுக்கு டிவியும் டெக்கும் வந்தன. காக்கா ஆள்மூலம் அனுப்பிய முதல் கெசட்டும் வந்தது. தெருவே அந்த ஹோலில் கூடிவிட்டது. ஒரு வார்த்தை ஒருவருக்கும் விளங்கவில்லை. பரவாயில்லை என்று பார்த்துக்கொண்டிருந்தோம். கடைசியில் காக்கா தோணியிலிருந்து தள்ளப்பட்டுக் கையை ஆட்டி ஆட்டித் தண்ணீருக்குள் மறைந்தார்.

"றப்பே! என்ட கிளி தாண்டு போறான்! எல்லாரும் பாத்துக்கொண்டு இரிக்கீங்களே!" என்று அவருடைய உம்மா எழும்பிவிட்டார்.

"மாமி, அது நடிப்பு. காக்கா தாழுவாரா?" என்று நான் எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை. டெக்கின் பக்கத்தில் இருந்தவர் பதறிப்போய் எதையோ அமுக்க, படம் பின்பக்கமாக ஓடத் தொடங்கியது. காக்கா தண்ணீரைப் பிளந்துகொண்டு மேலே வந்து, காற்றில் பறந்து, தோணியில் போய் நின்றார். உம்மாவின் அழுகை நின்றது. அதற்குப் பிறகு அவர் மகனின் நாடகம் எதையும் நேராகப் பார்த்ததில்லை. "மத்தப் பக்கமா ஓட்டு மனே" என்பார்.

இரண்டாவது கெசட் வந்தபோது காக்காவுக்குப் பதவி உயர்ந்திருந்தது. வசனம் பேசினார்! தாய் மொழியைக் கல்முனைக்குடி இழுவையில் பேசினார். நாங்கள் கைதட்டினோம். வீடும் அதற்குள் கூரைமட்டத்துக்கு வந்திருந்தது. ஹாஜியார் முன்வரிசையில் கால்மேல் கால் போட்டிருந்தார். திரைச்சீலைக்குப் பின்னால் ஹபீபா.

அப்போதுதான் அந்தக் காட்சி வந்தது. பட்டுடுத்த ஒரு பெண். பக்கத்தில் மாலையோடு காக்கா. பெரியவர்கள் ஒவ்வொருவராக வந்து இருவர் கையிலும் சங்கால் தண்ணீர் ஊற்றுகிறார்கள். காக்கா முகத்தை எங்கள் பக்கம் திருப்பிப் பல்லெல்லாம் தெரிய ஒரு சிரிப்புச் சிரித்தார். அப்படி ஒரு சிரிப்பை அந்த முகத்தில் நாங்கள் அதற்கு முன் கண்டதில்லை.

ஹாஜியார் காலைக் கீழே போட்டார்.

"கலியாணம் முடிச்சிட்டான்."

"அது நாடகம் ஹாஜியார்" என்றார் பக்கத்திலிருந்த மௌலவி.

"கலியாணத்தில பகிடி இல்ல மௌலவி. பகிடிக்குச் செஞ்சாலும் நிக்காஹ் நிக்காஹ்தான் எண்டு நீங்கதான் பயான்ல செல்லினீங்க."

"ஓம், செல்லினன். ஆனா இது நிக்காஹே இல்லையே. பொண்ணுக்குப் பொறுப்பு நிக்கிற வலி எங்க? சாட்சி எங்க?"

"சாட்சியா? இந்த ஹோல் நிறைய இரிக்காங்களே, கண்ணால கண்டவங்க!"

மௌலவி நல்ல மனிதர். இன்னும் மூன்று விதமாக விளக்கினார். ஹாஜியாரோ, "மார்க்கத்த விடுங்க, அந்தச் சிரிப்பப் பாத்தீங்களா? நடிப்புக்கு அப்பிடிச் சிரிக்க ஏலுமா?" என்று கேட்டபோது மௌலவியும் திரும்பித் திரையைப் பார்த்தார்.

நான் அப்போது தபால் கந்தோரில் வேலை. வெளிநாட்டுக்குக் கோல் எடுப்பதென்றால் காலையில் பதிந்துவைத்து, பின்னேர அஸர் தொழுகைக்குள் கிடைத்தால் அதிர்ஷ்டம். ஹாஜியார் என் பக்கத்தில் நிற்க, நான் பேங்கொக்குக்குக் கத்தினேன்.

"காக்கா! மாமா செல்றார், உடனே தலாக் செல்லட்டாம்!"

"ஆருக்குடா தலாக் செல்ற?"

"அந்தப் பொம்புளைக்கு!"

"டேய், அவளுக்குப் புருசன் இரிக்கான்! ரெண்டு புள்ளையும் இரிக்குடா!"

இரைச்சல் லைனில் அவர் தொண்டை கிழியக் கத்தியது ரிசீவரைத் தாண்டி முத்திரை வாங்க வந்தவர்கள் காதிலும் விழுந்தது. ஹாஜியார் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். "அடுத்தவன்ட பொஞ்சாதியையா!" என்று கேட்டார். நான் விளக்கம் சொல்ல வாயெடுப்பதற்குள் லைன் அறுந்துவிட்டது. அன்று அறுந்தது லைன் மட்டுமல்ல என்று எனக்குத் தெரியாமல் போனது.

அங்கே காக்கா துடித்துப்போனார். டைரக்டரிடம் போய், என்னைக் கதையிலிருந்து எடுத்துவிடு, ஊருக்குப் போகவேண்டும் என்று காலைப் பிடித்திருக்கிறார். டைரக்டருக்கு விளங்கவில்லை. அந்த வேடம் சனங்களுக்குப் பிடித்துப்போயிருந்தது. அடுத்த நாடகத்தில் இன்னும் பெரிய வேடம் தருவதாகச் சொன்னாராம். தடாகத்தில் தோற்றவருக்கு முதன்முதலாக ஒரு வாசல் திறந்திருந்தது. காக்கா அதைத் திரும்பியும் பார்க்கவில்லை. வேறு வழியில்லாமல் டைரக்டர் புது மாப்பிள்ளையைத் தோணியில் ஏற்றி, கவிழ்த்து, மூழ்கடித்துவிட்டார்.

அந்தக் கெசட் காக்காவுக்கு முன்னால் ஊர் வந்துவிட்டது. "அப்ப அந்தப் புள்ள இப்ப செத்த புருசனுக்காக இத்தா இரிக்காளா?" என்று ஹாஜியாரின் மனைவி உண்மையான இரக்கத்தோடு கேட்டார். ஒருவரும் சிரிக்கவில்லை. ஏனென்றால் சீமெந்து ஏற்கெனவே இறுகியிருந்தது. அக்கரைப்பற்றிலிருந்து ஒரு ஓவசியரை ஹபீபாவுக்கு மாப்பிள்ளையாக ஹாஜியார் பேசி முடித்திருந்தார்.

காக்கா வந்து இறங்கிய பின்னேரம் நான் அந்தப் புது வீட்டு வாசலில் பந்தலுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தேன். பெட்டியைத் தூக்கிக்கொண்டு நேரே அங்கேதான் வந்தார். பந்தலை மேலும் கீழும் பார்த்தார். முகம் மலர்ந்துவிட்டது.

"என்னடா, நான் வாறது தெரிஞ்சி பந்தலும் போட்டுட்டாரா மாமா!"

கையிலிருந்த கயிற்றை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. உள்ளேயிருந்து ஹாஜியார் வந்தார். மருமகனைக் கண்டதும் வாசற்படியிலேயே நின்றுவிட்டார். கடைசியில், "வாக்குக் குடுத்துட்டன் மருமகன்" என்றார். காக்கா பெட்டியைக் கீழே வைத்தார். வாதாடவில்லை. நடிப்பு, நாடகம் என்று ஒரு விளக்கமும் சொல்லவில்லை.

அப்போது கதவுச் சீலைக்குப் பின்னாலிருந்து ஹபீபாவின் குரல் கேட்டது.

"எல்லாம் நடிப்பெண்டு எனக்குத் தெரியும் மச்சான். தண்ணி ஊத்தினதும் நடிப்பு, மாலையும் நடிப்பு. ஏன் அப்பிடிச் சிரிச்சீங்க?"

காக்கா சீலையைப் பார்த்துச் சொன்னார். "கெமராவப் பாக்காதே எண்டு டைரக்டர் ஏசினவர் புள்ள. திருப்பித் திருப்பி எடுத்தும் எனக்கு ஏலாமப் போச்சி. அதுக்குள்ளால நீ பாப்பாயெண்டுதான் சிரிச்சன்."

சீமெந்து ஹாஜியார் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். அவருடைய கண் கலங்கியதை நான் கண்டது அன்று ஒருநாள்தான். ஆனாலும் பந்தலை அவிழ்க்கச் சொல்லி அவர் சொல்லவில்லை. அவளுடைய விருப்பத்தைக் கேட்கவேண்டும் என்று அங்கே நின்ற எங்களில் ஒருவருக்கும் தோன்றவுமில்லை.

கலியாணத்துக்கு முதல்நாள் காக்கா பேங்கொக்குக்கே திரும்பிப் போனார். போகும்போது, "அங்க செத்துச் செத்து எழும்புறது எனக்குப் பழகிட்டுதுடா" என்று பகிடி விட்டார். நானும் சிரித்துவைத்தேன். பெரிய வேடம் அதற்குள் வேறு ஆளுக்குப் போய்விட்டிருந்தது. இவர் பழையபடி ஆற்றில் விழுந்தார், கடலில் விழுந்தார், ஒருதரம் கிணற்றிலும் விழுந்தார். நாட்டில் சண்டை நடந்த பிரச்சினைக் காலத்திலும் எப்படியோ சில கெசட்டுகள் ஊருக்கு வந்துசேர்ந்தன. அகப்பட்டதையெல்லாம் நான் விடாமல் பார்த்தேன். தோணிக்காரனைப் பார்ப்பார், துரத்துகிறவனைப் பார்ப்பார், வானத்தைப் பார்ப்பார். கெமராவை மட்டும் பார்க்கமாட்டார். டைரக்டர்மாருக்கு அது நிம்மதியாக இருந்திருக்கும்.

எனக்குத்தான் முடியவில்லை. அவர் தண்ணீருக்குள் போகிற ஒவ்வொரு தரமும் கதிரையின் நுனிக்கு வந்து, ஒரு சொல்லும் விளங்காத அந்தப் பெட்டியிடம் வாய்விட்டுச் சொல்லியிருக்கிறேன்: "காக்கா, ஒருக்கா இஞ்சால பாருங்க. நாங்க இரிக்கம்."