வீக்கம் சாரும் என் இட்லி அட்டையும்

உலகத்தில் பணம் எப்போது பிறந்தது, யார் மடியில் வளர்ந்தது, எந்தெந்த ராஜா அதைக் கெடுத்தான் என்று முழுசாகத் தெரிந்த மனுஷர் காஞ்சிபுரத்தில் ஒரே ஒருத்தர்தான் இருந்தார். அவர் சட்டைப் பையில் மட்டும் பத்தாம் தேதிக்கு மேல் பணம் இருந்து நான் பார்த்ததில்லை. பென்ஷன் மொத்தமும் புஸ்தகமாகிவிடும். செவிலிமேட்டில் அவர் இருந்த வாடகை ரூமில் கட்டில் கிடையாது. புஸ்தகத்தை அடுக்கி, அதன்மேல் பாயைப் போட்டுப் படுப்பார். படிக்கவேண்டிய புஸ்தகம் அடியில் மாட்டிக்கொண்டால் அன்றைக்குத் தூக்கம் கிடையாது.

காலேஜில் பொருளாதாரம் சொல்லிக்கொடுத்து ரிட்டையர் ஆனவர். தக்காளி விலை ஏறினாலும், மண்டப வாடகை ஏறினாலும், பக்கத்து வீட்டுக்காரனுக்குக் கோபம் ஏறினாலும் "எல்லாம் பணவீக்கம்மா" என்பார். தெருக்காரர்கள் அதில் பாதியை வெட்டி எறிந்துவிட்டு அவரை 'வீக்கம் சார்' ஆக்கிவிட்டார்கள். நிஜப் பெயரை ரேஷன் கார்டில் போய்த்தான் பார்க்கவேண்டும்.

நான் பிள்ளையார்பாளையத்தில் முப்பது வருஷமாகக் குடலை இட்லிக் கடை வைத்திருக்கிறவள். மூங்கில் குடலைக்குள் மந்தாரை இலை சுற்றி, மிளகும் சுக்கும் நெய்யும் சேர்த்த மாவை ஊற்றி, இரண்டரை மணி நேரம் ஆவியில் வைத்தால் தூண் மாதிரி ஒரே இட்லி வரும். அதைத் துண்டு போட்டு விற்பேன். என் இட்லியை யாரும் குறை சொன்னதில்லை. கீழ்த்தெருவில் சாதா இட்லி விற்கிற சரோஜா ஒருத்தி சொன்னாள், "ராஜம்மா இட்லியில இட்லியை விட சுக்கு ஜாஸ்தி" என்று. அவளோடு நாலு வருஷமாகப் பேச்சில்லை.

காலையில் முதல் டவுன் பஸ்ஸில் சார் வந்து இறங்குவார். செத்துப்போன வெள்ளைக்காரர்களை எல்லாம் பக்கத்து வீட்டு ஆள் மாதிரி பேசுவார். அவர்கள் பெயர் என் வாயில் நுழையவில்லை என்று அவரே எனக்காகச் சுருக்கி வைத்திருந்தார். ஸ்காட்லாந்துக்காரர் என்று ஒருத்தர். எல்லார் பெட்டியிலும் ஒரே நாளில் பணம் இரண்டு மடங்கானால் ஊர் பணக்கார ஊர் ஆகாது, விலைதான் இரண்டு மடங்காகும் என்று சொன்னவர். அப்புறம் குழிக்காரர். ஊரில் வேலை இல்லாவிட்டால் நோட்டைப் பாட்டிலில் அடைத்துக் குழியில் புதைத்து, மறுபடி தோண்டவாவது ஆள் வை என்றவர். அவருக்கு எதிர்க்கட்சி ஹெலிகாப்டர்காரர். மேலேயிருந்து நோட்டைக் கொட்டினால் என்ன ஆகும் என்று யோசித்துப் பார்த்தவர்.

"கொட்டறதுக்கு முன்னாடி எந்தத் தெருன்னு சொல்வாரா சார்?" என்று கேட்டேன்.

"சும்மா உதாரணம்மா அது."

"உதாரணத்துக்குக் கூட நம்ம தெரு வராதா?"

குழிக்காரருக்கும் ஹெலிகாப்டர்காரருக்கும் சண்டை மூட்டிவிடுவதுதான் சாருக்குக் காலை வேலை. இந்தப் பெஞ்சில் உட்கார்ந்து குழிக்காரருக்காகப் பேசுவார். எழுந்துபோய் எதிர்ப் பெஞ்சில் உட்கார்ந்து மற்றவருக்காகப் பதில் சொல்வார். நடுவில் சாப்பிடுகிறவன் தட்டைத் தூக்கிக்கொண்டு நகர்ந்து நகர்ந்தே சட்னியைத் தரையில் விட்டுவிடுவான். பூக்காரி தனம் தினமும் கூடையை இறக்கும்போதே விசாரிப்பாள்: "இன்னிக்கு யாரு சார் ஜெயிச்சது?"

ஒருநாள் இரண்டாவது துண்டைச் சாப்பிட்டுவிட்டு, "ராஜம்மா, மொத துண்டு குடுத்த சந்தோஷத்தை ரெண்டாவது குடுக்கல. அதனால இதுக்குக் குறைச்சுத்தான் தரணும்னு ஒரு கொள்கை இருக்குது" என்றார்.

"அப்போ மொத துண்டுக்குக் கூடக் குடுத்துடுங்க சார்" என்றேன்.

 சாரின் முப்பது வருஷ சர்வீஸில் ஒரு பிள்ளை கூட அப்படித் திருப்பிக் கேட்கவில்லையாம். அன்றிலிருந்து எனக்கு மரியாதை கூடிவிட்டது. இட்லிக் காசு கூடவில்லை.

இப்போது என் அட்டைக் கதைக்கு வருகிறேன். எல்லாரும் போனைக் காட்டிக் காசு போடக் கற்றுக்கொண்டதும் ஊரில் சில்லறை காணாமல் போய்விட்டது. மீதி ஆட்கள் ஐந்நூறு ரூபாய் நோட்டோடு வந்து ஒரு துண்டு இட்லி கேட்பார்கள். மிட்டாய் கொடுத்து அனுப்புகிற பழக்கம் எனக்குக் கிடையாது. தறியில் கரை டிசைன் விழுவதற்காக மேலே ஓட்டை போட்ட அட்டை தொங்குமே, அதில் பழசு ஒரு கட்டு வாங்கி, கத்திரியால் சின்னச் சின்னதாக வெட்டி, மேலே 'ரா' என்று எழுதி, மீதிச் சில்லறைக்குப் பதிலாகக் கொடுத்தேன். ஒரு அட்டைக்கு ஒரு துண்டு இட்லி. எப்போது வேண்டுமானாலும் வந்து சாப்பிடலாம்.

சார் ஒரு அட்டையை வெளிச்சத்தில் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இது நோட்டும்மா. நீங்க நோட்டு அடிச்சிருக்கீங்க."

"இட்லி அட்டை சார்."

"இந்த அட்டை இந்தத் தெருவுல எல்லார் வீட்டுப் பரண்லயும் கட்டுக்கட்டா கெடக்குது. யாரு வேணா வெட்டி எழுதிடுவானே?"

"எங்க தெருவுல அப்படி யாரும் இல்ல சார்" என்றேன்.

ஒரு மாசத்தில் அட்டை என் கடையை விட்டுத் தெருவுக்குப் போய்விட்டது. முடிவெட்டுகிறவர் வாங்கினார். சைக்கிள் கடையில் பஞ்சருக்கு வாங்கினார்கள். தனம் ஒரு அட்டைக்கு ஒரு முழம் பூ கொடுத்தாள். போன அட்டையில் பாதிக்கு மேல் திரும்பி வரவே இல்லை. திரும்பாததெல்லாம் எனக்கு லாபம் என்று சாரிடம் பெருமையாகச் சொன்னேன்.

"லாபம் இல்லம்மா. அது ஊர் சுத்திக்கினு இருக்கற உங்க வாக்கு. ஒருநாள் எல்லாம் சேர்ந்து வீட்டுக்கு வரும்" என்றார்.

நான் கேட்கவில்லை. கத்திரி கையில் இருந்தது, அட்டையும் கட்டாக இருந்தது. தண்ணீர் கேன் போடுகிறவனுக்கு அட்டை, விறகுக்கு அட்டை, பாத்திரம் தேய்க்கிறவளுக்குப் பொங்கல் இனாமும் அட்டை. டி.வி. பார்த்துக்கொண்டே வெட்டுவேன். சார் பெஞ்சில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொள்வார்: "எல்லா ராஜாவும் இதைத்தாம்மா பண்ணினான். கஜானா காலியானா காசுல செம்பைக் கலந்தான். ஜனம் நல்ல காசை வீட்டுல வெச்சுக்கினு செம்பை வெளியில விட்டுச்சு."

"நான் எதையும் கலக்கல சார். என் மாவை வந்து பாருங்க."

மாசி மாசம் தனம் ஒரு முழத்துக்கு இரண்டு அட்டை கேட்டாள்.

"ஏண்டி, ராஜம்மா அட்டைக்கே ரெண்டு கேக்கறியா?"

"என்னாக்கா பண்றது, எல்லார் கையிலயும் கெடக்குது. ரூபாயா குடு, பழைய விலை போடறேன்."

பின்னால் சார் ஸ்காட்லாந்துக்காரரை நினைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். பூஜை போடாததுதான் பாக்கி.

அந்தச் சமயத்தில்தான் கடை போர்டைப் பெயிண்ட் அடிக்க இறக்கினேன். அதே நாளில் பழைய கிரைண்டரை டெம்போவில் ஏற்றி ரிப்பேருக்கு அனுப்பினேன். போர்டு இறங்கியதையும் டெம்போ வந்ததையும் தெரு ஒன்றாக முடிச்சுப் போட்டுவிட்டது. ராஜம்மா கடையை மூடிவிட்டு ஸ்ரீபெரும்புதூரில் மகன் வீட்டுக்குப் போகிறாள் என்று முடிவு செய்துவிட்டார்கள். மறுநாள் அமாவாசை. அமாவாசையன்று எங்கள் தெருவில் தறி ஓடாது. எல்லாரும் வீட்டில். எல்லார் கையிலும் அட்டை.

காலை ஆறரைக்கு வரிசை வாட்டர் டேங்க் வரைக்கும் நின்றது. முதல் ஆள் நெசவுக்கார ஏகாம்பரம்.

"யக்கா, போறதுக்கு முன்னாடி என் பன்னெண்டு அட்டைய தீர்த்துடுக்கா."

"நான் எங்கடா போறேன்?"

"எல்லாரும் சொல்றாங்களே."

"எல்லாரும்னா யாரு?"

"தோ, வரிசையில நிக்கறாங்க பாரு, அவங்கதான்."

என் அடுப்பில் இரண்டு குடலை வெந்திருந்தது. மிச்சமெல்லாம் மாவு. இரண்டரை மணி நேரம் ஆகாமல் குடலையில் கத்தி வைத்தால் கூழ்தான் வரும். முப்பது வருஷத்தில் ராஜம்மா கடையில் இல்லை என்ற சொல்லை ஒருத்தர் கேட்டதில்லை. அன்றைக்கு நூறு பேர் கேட்கப்போகிறார்கள். "நாளைக்கு வாங்க" என்று சொல்லிக் கதவில் கை வைத்தேன். சார் ஓடி வந்து நடுவில் நின்றார்.

"கதவை மட்டும் சாத்தாதீங்க. சாத்தினா முடிஞ்சுது. எத்தினி குடலைக்கு மாவு இருக்குது?"

"எட்டுக்கு."

"அப்போ நீங்க ஒண்ணும் திவால் இல்ல. கையில ரொக்கம் இல்ல, அவ்ளோதான். ரெண்டும் வேற."

"வரிசையில நிக்கறவனுக்கு அந்த வித்தியாசம் தெரியுமா சார்?"

"தெரியாது. அதனாலதான் லண்டன்ல பெரிய பெரிய பேங்க்கெல்லாம் விழுந்துச்சு. அங்க ஒரு பத்திரிகைக்காரர் இருந்தார். இந்த மாதிரி நேரத்துல நல்ல சொத்தை அடமானம் வாங்கிக்கினு, வட்டியை ஏத்தி, கேக்கறவனுக்குத் தாராளமா கடன் குடுன்னு எழுதினார்."

"எனக்கு யாரு சார் இட்லி கடன் குடுப்பா?"

அவர் கீழ்த்தெருப் பக்கம் பார்த்தார். எனக்குப் புரிந்துவிட்டது.

"அவகிட்டயா? அதுக்கு நான் கடையையே மூடுவேன்."

"மூடினா சுக்கு ஜாஸ்தின்னு அவங்க சொன்னதுதான் நிலைக்கும். மெதுவா பரிமாறுங்க. சிரிச்சமாதிரி இருங்க" என்று சொல்லிவிட்டு, இரண்டு குண்டான் மாவைத் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு வெள்ளைச் சட்டையோடு சார் தெருவில் தள்ளிக்கொண்டு போனார். வழியெல்லாம் மாவுக் கோலம்.

நான் மிச்ச மாவை அடுப்பில் ஏற்றிவிட்டு, தட்டுப்பாடு இல்லை என்று காட்டத் துண்டை முன்னைவிடப் பெரிதாக வெட்டினேன். ஒவ்வொருத்தரிடமும் சட்னி போதுமா, மிளகாய்ப்பொடி வேணுமா என்று கேட்டு நேரத்தை இழுத்தேன். ஒரு ஆள் நீட்டிய அட்டையில் 'ரா' அச்சடித்த மாதிரி அழகாக இருந்தது. என் 'ரா' ஒருநாளும் நேராக நின்றதில்லை.

"இதை எவன்டா எழுதினான்?"

"நீதான்க்கா."

"நான் இவ்ளோ படிச்சிருந்தா இங்க ஏன் உக்காந்துக்கினு இருக்கேன்?" என்றேன். ஆனாலும் உட்காரவைத்து ஓரத் துண்டைப் போட்டேன். ராஜம்மா பேர் எழுதின அட்டை, யார் எழுதினாலும் வெறும் கையோடு திரும்பக் கூடாது.

இரண்டாவது குடலையில் மூன்றே துண்டு பாக்கி இருக்கும்போது சரோஜா வீட்டுப் பெரிய அண்டா இரண்டு அதே வண்டியில் வந்தது. சார் மூடியைத் திறந்தே வைத்திருந்தார். ஆவி கூரை வரைக்கும் எழும்பியது. வரிசை மொத்தமும் திரும்பிப் பார்த்தது.

"அடேங்கப்பா, இவ்ளோ இருக்குதா" என்றான் ஏகாம்பரம். சாப்பிட்டது போக ஆறு அட்டை அவன் கையில் மிச்சம். அதை மடியில் திரும்பச் செருகிக்கொண்டான். "நாளைக்கு வரேன்க்கா. எங்க போயிடப் போற." அவன் போனதும் பின்னால் இருந்த பத்துப் பேர் போனார்கள். அவர்கள் போனதைப் பார்த்து இருபது பேர் போனார்கள். இட்லி இல்லை என்றால்தான் எல்லாருக்கும் பசிக்கிறது. இருக்கிறது என்று தெரிந்தால் வீட்டில் கஞ்சி இருப்பது ஞாபகம் வருகிறது.

நின்றவர்களுக்கு எல்லாம் சரோஜா இட்லியைப் போட்டேன். நன்றாகத்தான் இருந்தது. இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஒன்பது மணிக்கு என் குடலைகள் வெந்து இறங்கின.

வரிசை கலைந்ததும் இரண்டாவது அண்டாவில் கரண்டியை விட்டேன். வெறும் வெந்நீர்.

"என்ன சார் இது?"

"அவங்ககிட்ட ஒரு அண்டா இட்லிதான் இருந்துச்சு. ஆவி தெரிஞ்சா போதும்னு வெந்நீர் வாங்கிக்கினு வந்தேன்."

"சரோஜா என்ன சொன்னா?"

"மொதல்ல ராஜம்மா வந்து கேக்கட்டும்னாங்க. அவங்களுக்கு வாயில வராதும்மா, மாவை வெச்சுக்கங்கன்னேன். மாவை ருசி பார்த்துட்டு, சுக்கு குறைச்சிருக்காளான்னு கேட்டாங்க. முப்பது இட்லிக்கு முப்பத்தஞ்சா திரும்பணும், அதான் வட்டி."

மறுநாள் முப்பத்தைந்துக்கு நாற்பதாக நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். வாசலில் நின்று "இந்தா" என்றேன். அவள் "வை" என்றாள். நாலு வருஷத்துக்கு அது போதும்.

அமாவாசையன்று எல்லாம் முடிந்து பார்த்தால், சார் கடைசிப் பெஞ்சில் சட்டையில் காய்ந்த மாவைச் சுரண்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சாப்பிட்டாரா என்று ஒருத்தரும் கேட்கவில்லை, நான் உட்பட. தட்டை வைத்ததும் பையிலிருந்து ஒரு அட்டையை எடுத்தார். கூடவே ஒரு கொத்து வந்து தரையில் கொட்டியது. எண்ணினேன். இருபத்துமூன்று.

"இவ்ளோ வெச்சுக்கினு ஏன் சார் ஒருநாளும் மாத்தல?"

"நானும் நீட்டினா உங்களுக்குக் கை பத்தாதேன்னு" என்றார், தலை நிமிராமல்.

அதற்கப்புறம் திரும்பி வந்த அட்டையை எல்லாம் அடுப்பில் போட்டேன். புது அட்டை வெட்டவில்லை. போன வருஷம் சாரின் மகள் வந்து அவரை ஓசூருக்கு அழைத்துக்கொண்டு போய்விட்டாள். புஸ்தகத்துக்கு மட்டும் ஒரு லாரி.

ஞாயிற்றுக்கிழமை தவறாமல் போன் வரும். சௌக்கியமா என்று கூடக் கேட்கமாட்டார். "துண்டு இப்போ என்ன விலைம்மா?" என்பார். அவர் போனதற்கப்புறம் இரண்டு தடவை ஏற்றிவிட்டேன். இந்தப் பத்திரிகை விலை ஏறிய அன்றே அவர் இதை வாங்குவதை நிறுத்திவிட்டதால் தைரியமாக எழுதுகிறேன்: வாக்கு மாறாத ராஜம்மா ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஒரு பொய் சொல்கிறாள். "அதே விலைதான் சார், ஏறவே இல்ல" என்பேன். அந்தப் பக்கம் அவர் நிம்மதியாக மூச்சு விடுகிற சத்தம் கேட்டபிறகுதான் போனை வைப்பேன்.