அமீனாவை ஏற்றிக்கொண்டு போன படகு

எதிர்க்காத்து மாமா, உங்களைப் போல ஒரு மனுசன் கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் நடுவில் பிறந்ததில்லை. இனிப் பிறந்தாலும் ஊர் தாங்காது.

அவர் என் அக்காவின் புருசன். கிள்ளையில் எல்லோருக்கும் எதிர்க்காத்துதான். மழை வரும் என்றால் துணி காயப்போடுவார். கல்யாண வீட்டில் சாப்பிடக் கூப்பிட்டால் பசிக்கவில்லை என்பார், பந்தி முடிந்ததும் இலை கேட்பார். போன மாசம் மஞ்சள் காமாலையில் போய்விட்டார். வைத்தியர் படுக்கச் சொன்னார். அவர் உட்கார்ந்து வலை கட்டிக்கொண்டிருந்தார்.

சில வருசத்துக்கு முன்னால் படகு வாங்க மீனவர் சங்கத்தில் கடன் எடுத்திருந்தார். புயலில் வலையெல்லாம் போய்த் தவணை நின்றுவிட்டது. படகை ஜப்தி செய்து ஏலம் விட உத்தரவு வந்தது. அது போனால் எங்கள் வீட்டில் அடுப்பு எரியாது. கொஞ்சம் கொஞ்சமாகக் கட்ட விடுங்கள் என்று கடலூர் கோர்ட்டில் மனுப் போட்டிருந்தோம். அந்த மனு விசாரணைக்கு வந்த அன்று அக்கா முதல் பஸ்ஸில் கடலூர் போய்விட்டாள். அன்றைக்கே சிதம்பரத்திலிருந்து படகை ஜப்தி செய்யக் கோர்ட் ஊழியரான அமீனாவும் வந்து நின்றார், ஜப்தி உத்தரவோடும் குடையோடும்.

துறையில் நானும் மாமாவும் மட்டும்தான்.

"எடுத்துக்குங்க சார்," என்றார் மாமா.

வாழ்க்கையிலேயே முதல் தடவையாக ஒருத்தர் சொன்னதற்கு ஒத்துக்கொள்கிறாரே என்று ஆடிப்போனேன்.

"ஆனா ஓடுதா, ஓட்டையான்னு பாக்காம எழுதிக்கிட்டுப் போனா, நாளைக்கி ஏலத்துல எடுத்தவன் ஒங்களதான் கேப்பான். ஏறிப் பாருங்க. டேய் மச்சான், தள்றா."

அமீனா ஏறி உட்கார்ந்தார். படகு உப்பனாற்றுக்குள் போனது. சுரபுன்னைக் காடு வந்ததும், "போதும், ஓடுது. திருப்புய்யா," என்றார்.

"எப்புடி சார்? என் படகுல ஏறுனவுங்கள வெறும் வயித்தோட எறக்குனதில்ல. மீன் புடிச்சி, சுட்டுக் குடுத்துட்டுதான் எறக்குவேன்."

இது பொய்யில்லை. ஓட்டுக் கேட்டு வந்தவருக்கே நண்டு சுட்டுக் கொடுத்துவிட்டு, ஓட்டை எதிராளிக்குப் போட்டவர் அவர்.

வலையை வீசினார். கொழுத்த மடவை ஒன்று விழுந்தது. எடுத்துத் தண்ணீரில் விட்டார்.

"ஏய்யா, வுட்டுட்ட?"

"கொழந்த சார் அது."

"முழங்கை நீளம் இருந்துதே."

"மொகத்தப் பாக்கலியா? கொழந்த மொகம்."

அடுத்த மீன் மாசமாக இருக்கிறது என்று விட்டார். அதற்கடுத்ததைப் பார்த்தால் பாவமாக இருக்கிறதாம். அமீனாவுக்குப் புரிந்துவிட்டது. எழுந்து நின்றார். படகு ஆடியது.

"என்னையே கடத்துறியா? நான் கவர்மெண்ட்டு ஆளு. போலீசுல எழுதிக் குடுத்தா படகும் போவும், நீயும் உள்ள போவ."

மாமா சிரிக்கவில்லை. என் பக்கம் குனிந்து, "ஒங்கக்கா வர்ற பஸ்ஸு வந்திருக்குமாடா மச்சான்?" என்றார். அவர் பயந்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

வேறு வழியில்லாமல் படகைத் திருப்பினார். துறை தெரிந்தது. அக்கா இல்லை. எவ்வளவு மெதுவாகத் துடுப்புப் போட்டும் கரை வந்துவிட்டது. அமீனா இறங்கிப் படகின் கயிற்றைக் கையில் பிடித்தார். அப்போதுதான் ரோட்டிலிருந்து அக்கா ஓடிவந்தாள். கையில் கோர்ட் முத்திரை போட்ட காகிதம்.

"தவணையில கட்டச் சொல்லிருக்காங்க சார். தவணை தவறாத வரைக்கும் படகத் தொடக் கூடாதாம்."

அமீனா படித்தார். மறுபடியும் படித்தார். கயிற்றை விட்டார்.

"இத மொதல்லயே சொல்லியிருந்தா கரையிலயே காத்துக்கிட்டு இருந்திருப்பேனேய்யா."

"இருந்திருப்பீங்களா சார்?"

அமீனா யோசித்தார். "மாட்டேன்," என்றார். பிறகு, "சரி, மீன் எங்க?" என்றார்.

மாமா வலையோடு மறுபடி இறங்கினார். அந்தத் தடவை விழுந்த மீனின் வயசை அவர் விசாரிக்கவில்லை.

அதன்பிறகு ஒரு தவணைகூடத் தவறவில்லை. கடைசித் தவணையை மட்டும் போன வாரம் நானும் அக்காவும் சிதம்பரம் போய்க் கட்டினோம். படகு இப்போது முழுசாக நம்முடையது மாமா. அதில் ஏறத்தான் எங்கள் இரண்டு பேருக்கும் இன்னும் மனசு வரவில்லை.

இதைப் படிக்கிறவர்கள் கோயிலோ, பள்ளிவாசலோ, மாதா கோயிலோ, போகிற இடத்தில் என் மாமாவுக்காக ஒரு வார்த்தை வேண்டிக்கொள்ளுங்கள்.