பதினோரு விநாடியில் போன நாற்காலி

தொலைக்காட்சி ஆவணப்படப் பிரிவு ஆசிரியர் திருமதி ஆன்னெக்ரெட் ப்ரோய்ஸ் அவர்களுக்கு, நாட்டின் கிழக்கிலுள்ள லௌசிட்ஸ் நிலக்கரிப் பகுதியில் இருபத்திரண்டு ஆண்டுகள் ஊர்த்தலைவராக இருந்து ஓய்வு பெற்ற எக்பெர்ட் நோவாக் பணிவுடன் எழுதுவது. எங்கள் சுரங்கச் சேற்றில் வழுக்கிய தங்கள் ஒளிப்பதிவாளரின் முழங்கால் தேறியிருக்கும் என நம்புகிறேன்.

ஒரு சிறு குறை. பெரிதாகத் தோன்றினால் மன்னிக்கவும். திறந்தவெளிச் சுரங்கத்தின் விளிம்பில் நின்று நான் தங்களுக்குச் சொன்னது இரண்டு வாக்கியங்கள். நிலக்கரி எடுப்பதை நிறுத்தத்தான் வேண்டும். ஆனால் அதற்கு முன் எங்கள் ஆட்களுக்கு வேறு வேலை தர வேண்டும். நான்கு நாள் ஒத்திகை பார்த்தேன். படத்தில் முதல் வாக்கியம் மட்டும் பதினோரு விநாடி வந்தது. பருவநிலை பற்றிய அந்தப் படத்தில் நான் 'விழித்துக்கொண்ட கிராமத்தார்'. அதே பதினோரு விநாடி தங்கள் அரசியல் படத்திலும் வந்தது. அதில் நான் 'கைவிடப்பட்ட கிழக்கின் முகம்'. மூன்றாவது படத்தில் எனக்குக் குரலே இல்லை, மழையில் சும்மா நிற்கிறேன், பின்னால் செல்லோ வாத்தியம் அழுகிறது. மகள் தொலைபேசியில், "அப்பா, நீங்க செத்துட்டீங்களோன்னு பயந்துட்டேன்" என்றாள்.

அதுகூடப் பரவாயில்லை. வியாழன்தோறும் ஊர் மதுவிடுதியில் எங்கள் கூட்டத்துக்கென்று ஒரு மேசை உண்டு. வருகிறவர் விரல் முட்டியால் மேசையைத் தட்ட வேண்டும், மற்றவர்கள் திருப்பித் தட்டுவார்கள், வணக்கம் அவ்வளவுதான். போன வாரம் தட்டினேன். யாரும் தட்டவில்லை. கேட்கவில்லையோ என்று மறுபடி தட்டினேன். சுரங்கத்தில் தோண்டும் இயந்திரம் ஓட்டும் என் முப்பதாண்டு நண்பன் ஓர்ட்வின், "கெர்லிண்டே, யாரோ கதவத் தட்டுறாங்க பாரு. டிவிக்காரங்களா இருக்கும்" என்றான். விடுதிக்காரி கெர்லிண்டே ஜன்னலோரத் தனி மேசையைக் காட்டி, "இங்க உக்காருங்க தலைவரே, மூஞ்சில வெளிச்சம் நல்லா விழும்" என்றாள். உட்கார்ந்தேன். பேச ஆளில்லாமல் குடிக்கும் பியர் லேசில் தீர்வதில்லை.

ஆகவே, தாங்கள் வெட்டிய அந்த இரண்டாவது வாக்கியத்தை ஓர்ட்வின் ஒருவனுக்காவது அனுப்பிவைக்க வேண்டுகிறேன். எனக்கு இந்த வயதில் இன்னொரு நண்பன் கிடைக்கமாட்டான்.

தங்கள் படங்களும் குடும்பமும் தழைக்க வாழ்த்தும்,
எக்பெர்ட் நோவாக்

பி.கு.: இதை அஞ்சலில் சேர்க்கப் போகும் வழியில், பேருந்து நிறுத்தத்தில் ஓர்ட்வின் நின்றான். துணிந்து விஷயத்தைச் சொன்னேன். "யோவ் எக்பெர்ட், அன்னிக்குக் கேமராவுக்குப் பின்னாடி ரெண்டு மணி நேரம் நனைஞ்சுக்கிட்டு நின்னேன்யா, எங்களப் பத்தி நீ என்ன சொல்லப்போறன்னு கேக்க. மொதல் வாக்கியத்தச் சொன்ன. அந்தம்மா 'அருமை, போதும்'னாங்க. நீ 'நன்றி'ன்னுட்டு நடையக் கட்டிட்ட" என்றான். யோசித்துப் பார்த்தேன். உண்மைதான். தாங்கள் எதையும் வெட்டவில்லை. மேற்கண்ட குறை முழுவதையும் திரும்பப் பெறுகிறேன். அந்த வாக்கியத்தை அவனிடம் அங்கேயே சொல்லியிருக்கலாம். தொண்டையைச் செருமிக்கொண்டிருந்தேன், அதற்குள் பேருந்து வந்துவிட்டது.