பட்டுச்சேலையில் வந்த தண்ணீர்ப் பிரச்சினை

சமூகப் பிரச்சினைகளைப் படம் எடுப்பவர் என்று யாராவது மேடையில் என்னை அறிமுகப்படுத்தினால் எனக்குக் கூச்சமாக இருக்கும். நான் எடுத்த முதல் படத்தில் பெரிய பிரச்சினையே நான்தான்.

தொண்ணூறுகளின் நடுவில் திண்டுக்கல்லில் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தேன். (படிப்பு பத்தாவது. கேமராப் படிப்பு, பந்தியில் இலை போடுவதிலிருந்து எச்சில் இலை எடுப்பது வரை படம்பிடித்துப் பழகியது.) பள்ளியில் எனக்குப் பாடம் நடத்திய ஜெயராணி டீச்சர் ஒரு நாள் கூப்பிட்டனுப்பினார். பக்கத்துக் கிராமத்தில் தோல் பதனிடும் கழிவு இறங்கிக் கிணறு கெட்டுவிட்டது. எத்தனை மனுக் கொடுத்தும் யாரும் எட்டிப் பார்க்கவில்லை. படமெடுத்து அதிகாரிகளுக்குப் போட்டுக் காட்டி, குடிதண்ணீர் லாரியாவது வாங்க வேண்டும். படமெடுக்கும் நாளுக்கு மறுநாளே ஒரு முகூர்த்தம் என்பதால் கேமரா ஒரே ஒரு பகல்தான் கிடைக்கும்.

முதல் நாளே போய் ஊருக்குள் சொல்லிவைத்தேன்: "நாளைக்கு வீடியோ எடுக்க வாரோம். எல்லாரும் ரெடியா இருங்க." கல்யாண வீடுகளில் சொல்லிப் பழகிய வாய்.

காலையில் போனால் கிணற்றைச் சுற்றிப் பட்டுச்சேலை. தலை நிறைய மல்லிகை, முகத்தில் பவுடர். ஒருவர் குடத்துக்கும் பொட்டு வைத்திருந்தார்.

"ஏலே, தண்ணிக் கஷ்டத்தக் காட்டச் சொன்னா நிச்சயதார்த்தத்தக் காட்டுறியே!" என்று டீச்சர் பல்லைக் கடித்தார்.

பதறிப்போய், முன்னால் நின்ற அன்னத்தாயி அக்காவிடம் கெஞ்சினேன். "யக்கா, பழைய சேலை கட்டிட்டு வாங்க. செத்த நேரம் கஷ்டப்படுற மாதிரி நில்லுங்க."

"மாதிரியா? கெட்டுப்போனது தண்ணிதான்யா. நாங்க நல்லாத்தான் இருக்கோம். எங்கள எதுக்கு அழுக்காக்குற?"

"பாக்குறவங்க நம்பணும்லக்கா?"

இதை நான் சொல்லியிருக்கக் கூடாது.

"அம்புட்டுத்தானா? ஒன் சட்டை வெள்ளையாத்தான இருக்கு?" என்றவர், அப்போதுதான் இறைத்த வாளியை என் தலையில் கவிழ்த்தார்.

ஸ்டாண்டில் கேமரா ஓடிக்கொண்டிருந்ததை நான் மறந்தே போனேன். டேப்பில் எல்லாம் இருக்கிறது: செங்காவித் தண்ணீர், நுரை, "யாத்தே, கண்ணு எரியுதே!" என்று நான் ஆடிய ஆட்டம், வயிற்றைப் பிடித்துச் சிரிக்கும் பட்டுச்சேலைகள். அப்புறம் அன்னத்தாயி அக்காவின் நிதானமான குரல்: "ஒரு வாளிக்கே இந்தக் குதி குதிக்கிற. இதுலதான்யா நாங்க பிள்ளைகளக் குளிப்பாட்டுறோம்."

சிரிப்பு நின்றது. நானும் ஆட்டத்தை நிறுத்தினேன்.

டீச்சர் அதில் ஒரு துண்டைக்கூட வெட்டவிடவில்லை. படம் போட்ட அன்று அதிகாரிகளும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அக்கா பேசியதும் ஒருவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "அந்தச் சட்டை இருக்கா?" என்று கேட்டார். கொண்டுபோயிருந்தேன். மூன்று முறை துவைத்தும் டீ வடிகட்டும் துணி மாதிரியே இருந்தது. அடுத்த வாரம் ஊருக்குள் தண்ணீர் லாரி வந்தது. (கிணறு கெட்டது கெட்டதுதான். அது வேறு படம், வேறு சட்டை.)

இந்தக் கதையைக் கேட்டபின்தான் என் மனைவி என்னைக் கட்டிக்கொண்டாள். இன்றைக்கும் கேமராப் பையைத் தூக்கினால் அடுப்படியிலிருந்தே குரல் வரும்: "ஏங்க, கல்யாணமா, பிரச்சினையா?" பிரச்சினை என்றால் கறை தெரியாத காப்பிக்கலர் சட்டை வரும்.

போன மாதம் பெருமையாக, "கல்யாணம்தான்!" என்றேன்.

"யாரு வீட்டுது?"

"எங்கூடப் பொறந்த அக்கா வீட்டுது."

"அப்பக் காப்பிக்கலரையே போட்டுக்கங்க."