அமைச்சரை இருத்திய தேசப்படம் மாஸ்டர்

எங்கள் துறைமுகத்தை ஆள வெள்ளைக்காரர் எத்தனையோ போர்க்கப்பல்களைக் கொண்டுவந்தார்கள். மாவட்டம் முழுவதையும் ஒரு பிரம்போடு ஆண்டவர் தேசப்படம் மாஸ்டர் ஒருவர்தான்.

வருடக்கணக்காகப் பூமிசாத்திரம் படிப்பித்துவிட்டு, சுதந்திரம் கிடைத்துக் கொஞ்சக் காலத்தில் அவர் அரசியலில் இறங்கினார். வகுப்பிலிருந்து இறங்கினாரா என்பது வேறு கேள்வி.

முதல் தேர்தல் கூட்டம் பாலையூற்றில். மேடையில் கொடி இல்லை, மாலை இல்லை. ஆளுயரத் தேசப்படம் ஒன்று தொங்கியது. மாஸ்டர் பிரம்பால் தட்டினார்.

“கந்தளாய்க் குளத்துத் தண்ணி எந்தெந்த ஊருக்குப் பாயுது? நீலச் சட்டை, நீங்கள் சொல்லுங்கோ.”

நீலச் சட்டைக்காரர் பக்கத்து ஊரான கிண்ணியாவின் மீன் வியாபாரி, சும்மா புதினம் பார்க்க வந்தவர். “மாஸ்டர், எனக்கு இஞ்ச வோட்டே இல்ல!”

“வோட்டு இல்லாட்டி என்ன, தண்ணி குடிக்கிறேல்லையோ?”

அடுத்த கூட்டத்திலிருந்து முன்வரிசைக் கதிரைகள் காலியாகவே கிடந்தன. ஆனாலும் பட்டினசபைக்கு வென்றார். தோற்றால் திரும்பப் பள்ளிக்கூடத்துக்கு வந்துவிடுவார் என்று பயந்து பிள்ளைகளே வீடு வீடாக வாக்குக் கேட்டதாக ஒரு கதை உண்டு.

பாராளுமன்றத் தேர்தலில் தோற்றார். வென்றவர் அவரிடம் படித்தவர். வென்ற கையோடு ஓடிவந்து, “சேர், எனக்கு ஒண்டும் தெரியாது, கூட இருங்கோ” என்றாராம். “அது எனக்கு முந்தியே தெரியும்” என்று சொல்லி மாஸ்டர் ஆலோசகரானார்.

அவருடைய ஆலோசனை வருடாவருடம் ஒன்றுதான்: திரியாய்ப் பக்கத்துக் கிராமம் ஒன்றுக்கு ஒரு மருந்துச்சாலை, கூடவே ஒரு மருத்துவிச்சி. மாரியில் பாதை வெள்ளத்தில் கிடக்க, பிள்ளைப்பேற்றுக்குப் பெண்களை வண்டியில் ஏற்றுவார்கள். வழியிலேயே பெற்ற கதைகளை ஊரார் சிரித்துச் சொல்வார்கள். மற்றக் கதைகளைச் சொல்லமாட்டார்கள்.

ஒருநாள் கொழும்பிலிருந்து அமைச்சர் கச்சேரிக்கு வந்தார். கச்சேரி என்றால் எங்களூரில் அரசாங்கக் கந்தோர், அதாவது அலுவலகம். பாட்டு இல்லை, பல்லவி மட்டும் உண்டு. நான் அங்கே கூட்டக் குறிப்பு எழுதும் கிளாக்கர். அமைச்சருக்குத் துறைமுகத்தைச் சுற்றிப் பார்க்கப் படகு காத்திருந்தது. மருந்துச்சாலைக் கோப்பை ‘அடுத்த வருடம்’ என்று மூடப்போன நேரம் கதவு திறந்தது. சுருட்டிய தேசப்படத்தோடு மாஸ்டர்.

எம்.பி. துள்ளி எழும்பினார். இஞ்சினியர் எழுந்தார், தலைமைக் கிளாக்கர் எழுந்தார், மூலையில் குந்தியிருந்த பொலிஸ்காரரும் எழுந்தார். எல்லாரும் அவரிடம் அடிவாங்கியவர்கள். யாரோ பெரிய மனிதர் வருகிறார் என்று எண்ணி அமைச்சரும் எழுந்துவிட்டார்.

மாஸ்டர் பழக்கதோஷத்தில் கையமர்த்தினார். “இருங்கோ.”

அமைச்சரும் இருந்தார்.

அதற்குப் பிறகு அது கூட்டமில்லை, வகுப்பு. மாஸ்டர் படத்தை மேசையில் விரித்து, அமைச்சரின் கையில் ஒரு துண்டு நூலைக் கொடுத்து, கிராமத்திலிருந்து ஆஸ்பத்திரிவரை வீதியோடு வைத்து அளக்கும்படி ஆங்கிலத்தில் சொன்னார். அமைச்சர் உதவிக்கு எம்.பி.யைப் பார்த்தார்.

“சேர், நான் பிடிக்கட்டோ?”

“நீர் சும்மா இரும். அவர் செய்யட்டும்.”

அமைச்சர் வளைவு வளைவாக நூலை வைத்தார். பாதி வழியில் நூல் முடிந்துவிட்டது. நிமிர்ந்து பார்த்தார்.

“போன மாரியில ஒரு பிள்ளைத்தாச்சி அவ்வளவு தூரம்தான் போனவ,” என்றார் மாஸ்டர், தமிழில்.

எம்.பி. மொழிபெயர்த்தார். மொழிபெயர்க்கச் சற்று நேரம் எடுத்தது. அமைச்சர் கோப்பைத் திறந்து கையெழுத்து வைத்தார்.

அன்றைய என் குறிப்பில் இருந்தவை இரண்டே வரிகள்: அமைச்சர் எழுந்தார். அமைச்சர் இருந்தார். தலைமைக் கிளாக்கர் அதைக் கிழித்துப்போட்டுத் தானே எழுதினார்.

மருந்துச்சாலை திறந்த அன்று எம்.பி. நாடா வெட்டினார், படமெடுத்தார்கள். மாஸ்டரைக் காணவில்லை. தேடிப்போனால், மருந்துக்கு நிற்கும் வரிசையில் கடைசி ஆளாக நிற்கிறார்.

“என்ன மாஸ்டர், சுகமில்லையோ?”

“எனக்கு ஒண்டும் இல்லைத் தம்பி. மெய்யாத்தான் மருந்து குடுக்கினமோ எண்டு பாக்கவேணும்.”

நானும் அவருக்குப் பின்னால் நின்றுகொண்டேன். எனக்கும் அன்று ஒரு நோயும் இல்லை.