ப்ரொபேஷனில் இருந்த நிலாக்கள்

நிலா மாமாவின் கையெழுத்து இல்லாமல் சூரியக் குடும்பத்தில் எந்த நிலாவும் சுற்ற முடியாது. அவை பாட்டுக்குச் சுற்றிக்கொண்டிருந்தன என்பது உண்மைதான். அதை அவர் விதிமீறலாகக் கருதினார்.

தலைநகரில், அரசு ஊழியர்கள் குடியிருக்கும் கிட்வாய் நகரில் அவர் எங்களுக்கு எதிர்வீடு. ஏதோ ஓர் அமைச்சகத்தில் செக்‌ஷன் ஆபீசர். எந்த அமைச்சகம் என்று கேட்டால் அவரே சற்று யோசிப்பார். அசல் வேலை மாலையில் வீட்டுக்கு வந்தபிறகுதான் தொடங்கும். கிரகங்கள் அலுவலகங்கள், நிலாக்கள் ஊழியர்கள், ஆளுக்கொரு ஃபைல். புதன், வெள்ளி: பணியிடமே இல்லை. பூமி: ஒரே ஆள், அவரும் மாதம் ஒருநாள் லீவு. செவ்வாய்: இரண்டு பேர், அதில் ஒருவர் கொஞ்சம் கொஞ்சமாக அதிகாரியை நெருங்கிக்கொண்டே போகிறார், முடிவு நல்லபடியாக இருக்காது. நெப்டியூனின் ட்ரைட்டன் எதிர்த்திசையில் சுற்றுவதால் அதற்கு ஒரு மெமோ.

"பதில் வந்துச்சா மாமா?" என்று ஒருமுறை கேட்டேன்.

"வரல தாயி. ரிமைண்டர் போட்டிருக்கேன்."

புதிதாகக் கண்டுபிடிக்கப்படும் எந்த நிலாவுக்கும் இரண்டு வருடம் ப்ரொபேஷன். அதன்பிறகுதான் அது நிலா. காலனி பொங்கல் விழா வினாடி வினாவை நடத்திய மாமா, சனிக்கு எத்தனை நிலா என்று கேட்டார். ஐந்தாம் வகுப்புச் சிறுமி ஒருத்தி நூற்று நாற்பத்தாறு என்று சரியாகச் சொன்னாள். மாமா அரை மதிப்பெண் போட்டார். பாதிப் பேர் இன்னும் நிரந்தரம் ஆகவில்லையாம்.

சிறுமியின் அப்பா மேடைக்கே வந்துவிட்டார். "அரே சார், நெட்லயே போட்டிருக்கானே!"

"நெட்ல போடுவான். ஃபைல்ல போடணும்லா?"

மார்ச் கடைசியில் மாமாவுக்கு ஓய்வு. ஒரு தாள்கூடப் பெண்டிங் வைக்காமல் இறங்குவேன் என்று மாடிப்படியில் எதிர்ப்பட்டவர்களிடமெல்லாம் சபதம் செய்திருந்தார். அந்த மார்ச்சில்தான் சனிக்கு ஒரேயடியாக நூற்று இருபத்தெட்டு புது நிலாக்களை விஞ்ஞானிகள் அங்கீகரித்தார்கள்.

நான் குர்காவ்னில் டேட்டா இன்ஜினீயர். "பத்து நிமிஷத்துல எக்செல்ல போட்டுத் தரேன் மாமா" என்றேன்.

"வெளையாடுதியா? எக்செல்ல பச்சை மைல கையெழுத்து எங்க போட?"

வீடு முழுக்க அட்டைப்பெட்டிகள். பாளையங்கோட்டைக்கு லாரி பேசியாகிவிட்டது. அத்தை பாத்திரங்களைக் கட்டிக்கொண்டே கத்தினார்: "ஊர்ல எல்லாத்துக்கும் ஏழரை வருசம்தான் சனி. எனக்குக் கல்யாணம் ஆன நாள்லருந்து!"

மாமா ஒரு பெட்டியின்மேல் உட்கார்ந்து எழுதினார். கடைசி நாளுக்கு முந்தின மாலை நூற்று இருபத்தெட்டாவது ஃபைலையும் முடித்தார். முடித்தபிறகுதான் உறைத்தது: எல்லோருக்கும் இரண்டு வருடம் ப்ரொபேஷன். நாளையோடு அதிகாரி இல்லை. நிரந்தரம் செய்வது யார்?

அவர் போட்ட விதி. அவரே தளர்த்தியிருக்கலாம். அது அவருக்குத் தோன்றவே இல்லை. எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். கையில் சார்ஜ் ஒப்படைக்கும் தாள், மூன்று பிரதி. மேலே என் பெயர்.

"மாமா, இப்படி ஒரு ஆபீஸ் இருக்கறது சனிக்கே தெரியாது."

"முப்பத்தஞ்சு வருசம் அமைச்சகத்துல இருந்தேன். நான் இருந்தது அங்க யாருக்குத் தெரியும்?" என்றார். பிறகு அவசரமாக, "மூணுலயும் போடு தாயி. ஜல்தி. லாரிக்காரன் போன் பண்ணுதான்" என்றார்.

மூன்றிலும் போட்டேன். சிரித்துக்கொண்டேதான் போட்டேன். அடுத்த வாரம் முழுக்க அலுவலக நண்பர்களிடம் சொல்லிச் சிரித்தேன்.

ஆகஸ்டில் யுரேனஸைச் சுற்றி ஒரு புது நிலாவைக் கண்டுபிடித்ததாகச் செய்தி வந்தது. சின்னது, இன்னும் பெயர்கூட வைக்கவில்லை. அன்று மாலை மார்க்கெட்டில் ஒரு ஃபைல் அட்டை வாங்கினேன். "ப்ரொபேஷன், இரண்டு வருடம்" என்று எழுதி, படமெடுத்துப் பாளையங்கோட்டைக்கு அனுப்பினேன். ஒரு நிமிடத்தில் பதில் வந்தது: "மார்ஜின் விடல. திரும்ப எழுது."

திரும்ப எழுதினேன். பச்சை மையில்.