மூன்றாம் இலக்கம்

யசீகரனுக்குக் கோபம் தலைக்கேறியிருந்தது. பக்குரங்கா ஊர் முழுக்கக் கேட்கும்படி கத்தவேண்டும் போலிருந்தது. பக்கத்து வீட்டார் பொலிசுக்கு ஃபோன் அடித்துவிடுவார்கள் என்று பல்லைக் கடித்துக்கொண்டார்.

காரணம் ஒரு பியானோ. அவர் மனைவி லோஜனாவின் தோழி மஹதி, புக்கெகோஹியில் வீடு மாறுகிறாள். பழைய பியானோவைச் சும்மா தருகிறாளாம். லோஜனாவுக்கு நாற்பத்தாறு வயதில் வாசிக்கப் பழக ஆசை. இனி ஆயுள் முழுக்க வீட்டில் ‘டொங்கு டொங்கு’தான்!

தராசுகளும் அளவுகோல்களும் சரியா என்று சோதிக்கும் ஆய்வுகூடத்தில் யசீகரனுக்கு வேலை. ஆகவே அளவாலேயே பியானோவை அடித்து விரட்டத் தீர்மானித்தார். ஹோலில் அவள் ஒதுக்கிய சுவர் இடுக்கை அளந்தார். 1.537 மீற்றர். மஹதி சொல்லியனுப்பிய பியானோவின் அகலம் 1.52. தாராளமாகப் போகும்! அவருக்குப் பற்றி எரிந்தது. கடைசி இரண்டு இலக்கத்தையும் விழுங்கிவிட்டு லோஜனாவிடம் வந்தார்.

“ஒண்டு தசம் அஞ்சு மீற்றர்தான் இருக்கு. போகாது.”

“அதுக்குப் பிறகு இலக்கம் ஒண்டும் இல்லையோ?”

“மட்டந்தட்டிச் சொன்னனான்.”

“எண்ணையோ, என்னையோ?”

“எந்த அளவுக்கும் ரெண்டு பொருளுள்ள இலக்கம் காணும், அதுக்கு மேல தேவையில்லை!”

“பொருளுள்ள இலக்கம் கிடக்கட்டும். பொருள் உள்ள வருமோ?”

“வராது எண்டு சொல்லிப்போட்டன்!”

“சரி, விடுங்கோ. பாவம், கண் தெரியேல்லைப் போல.”

“என்ன?”

“சென்டிமீற்றர் கோடு தெரிஞ்சிருந்தால் மூண்டாம் இலக்கமும் சொல்லியிருப்பியள். உங்களோட வேலை செய்யிற கீதன் எண்டால் மில்லிமீற்றர் வரைக்கும் சொல்லியிருப்பார். கெட்டிக்காரன்.”

கீதன்! போன வருசம் வேலைக்குச் சேர்ந்தவன்! யசீகரனின் காது சிவந்தது.

“ஆருக்கடி கண் தெரியேல்லை? அவனுக்கு டேப் பிடிக்கப் பழக்கினதே நான்! ஒண்டு தசம் அஞ்சு மூண்டு ஏழு! மில்லிமீற்றருக்குச் சரி! எங்க, அவனை வந்து பிழை பிடிக்கச் சொல்லு பாப்பம்!”

தன் வாயில் தானே அறைந்துகொள்ளலாமா என்று யசீகரன் யோசிக்கும்போதே லோஜனா ஃபோனைக் காதில் வைத்துவிட்டாள்.

“மஹதி, இடம் காணும். ஓம், இவர்தான் அளந்தவர், பிழைக்காது. சனிக்கிழமை ஏத்த வாறம்... ஓமோம், பாரமான பக்கத்தை இவரே பிடிப்பார்.”